காலத்தை ஏற்றிச் சென்ற ஐந்நூற்றுவர்

தொண்டை மண்டலத்து வாணிகச் சரித்திரம் (தொடர்ச்சி)

வண்டலூரிலிருந்து வாலாஜாபாத்துக்குச் செல்லும் சாலையும், சிங்கப்பெருமாள் கோயிலிலிருந்து ஸ்ரீபெரும்புதூருக்குச் செல்லும் சாலையும் ஒன்றையொன்று சந்திக்கின்ற ஒரகடத்திலே, இரவென்றும் பகலென்றும் பாராமல் கன்டெய்னர் லாரிகள் திரும்பிக்கொண்டிருக்கின்றன. கடற்கரை அங்கிருந்து 30 கிலோமீட்டருக்கும் அப்பால் உள்ளது. ஆயினும் அந்த வட்டாரத்து ஆலைகளில் எந்த ஷிப்டில் எத்தனை வண்டிகள் முடிய வேண்டும், எந்தப் பெட்டியை எப்போது பூட்டி முத்திரை வைக்க வேண்டும் என்பவையெல்லாம் சென்னைத் துறைமுகத்திலோ எண்ணூரிலோ காட்டுப்பள்ளியிலோ ஒரு கப்பல் நங்கூரம் எடுக்கும் நேரத்தை முன்னிட்டே நிச்சயிக்கப்படுகின்றன. கடலைக் கண்ணால் காணாத ஊர் கடலின் கடிகாரத்துக்குக் கட்டுப்பட்டு வாழ்வது நம் காலத்து நூதனம் என்று பலர் எண்ணுகிறார்கள். தொண்டை மண்டலத்துக்கு அது ஆயிரம் ஆண்டுப் பழக்கம் என்பதைக் காட்டுவதே இந்த அத்தியாயத்தின் நோக்கம்.

மாய வித்தை கற்ற மாலுமிகள் ஒரு சங்கமாகக் கூடி, கடலைக் கடப்பதுபோலவே காலத்தையும் கடந்து, நேற்றைக்கும் நாளைக்கும் கலம் செலுத்துவதாகக் கற்பனைக் கதை எழுதுவோர் உண்டு. அத்தகைய கதையை நம்முடைய நாட்டில் எவரும் புதிதாகப் புனைய வேண்டியதில்லை. தங்களைப் பற்றியே ஏறத்தாழ அப்படிப்பட்ட ஒரு கதையைக் கல்லில் வெட்டிவைத்துவிட்டுப் போன கூட்டத்தார் இங்கே மெய்யாகவே வாழ்ந்திருக்கிறார்கள். நானாதேசித் திசையாயிரத்து ஐந்நூற்றுவர் என்று சாஸனங்கள் அவர்களை அழைக்கின்றன.

ஐந்நூற்றுவரின் பூர்விகம் கன்னட தேசத்து ஐஹொளெ. கி.பி. 800ஐ ஒட்டிய காலத்தில், அவ்வூரிலுள்ள லாட்கான் கோயில் சாஸனத்தில் ஐந்நூறு மகாஜனங்களைப் பற்றிய குறிப்பு வருகிறது. பிற்காலத்தில் சுமத்ரா முதல் இலங்கை வரை தங்களை ஐந்நூற்றுவர் என்று சொல்லிக்கொண்டோர் தலையை எண்ணிப் பார்த்து அந்தப் பெயரைச் சூட்டிக்கொண்டவர்கள் அல்லர். கூட்டம் எத்தனை பெருகினாலும் ஐந்நூறு ஐந்நூறாகவே நின்றது. தமிழ்நாட்டில் புதுக்கோட்டைப் பகுதியின் முனிசந்தைக் கல்வெட்டு அவர்களை முற்பட்ட சோழர் காலத்திலேயே காட்டுகிறது. அதன்பின் 14ஆம் நூற்றாண்டு வரை அவர்களுடைய சாஸனங்கள் இடைவிடாது கிடைக்கின்றன. பல்லவர் மறைந்தனர், ராஷ்டிரகூடர் மறைந்தனர், சோழப் பேரரசு எழுந்து 1279க்குப் பின் இல்லாமலே போயிற்று. இத்தனைக்கும் சாட்சியாக இருந்துகொண்டு, எந்த அரசனுக்கும் முழுமையாக அடங்காமலும் எந்த அரசனையும் பகைத்துக்கொள்ளாமலும் இந்தச் சங்கம் தன் வழியே நடந்திருக்கிறது.

அரசர்களுக்கு மெய்க்கீர்த்தி உண்டென்றால் எங்களுக்கும் உண்டு என்பதுபோல் இவர்கள் ஒரு பிரசஸ்தியை இயற்றிக்கொண்டார்கள். அதிலே இவர்கள் ஐம்பொழில் பரமேசுவரிக்கு மக்கள். ஐந்நூறு வீரசாஸனங்களை உடையவர்கள். பதினெட்டுப் பட்டினங்களிலும், முப்பத்திரண்டு வேளாபுரங்களிலும் (துறைமுக ஊர்கள்), அறுபத்து நான்கு கடிகைத்தாவளங்களிலும் (சந்தை ஊர்கள்) பரவியவர்கள். கருநாட்டு ஷிகார்ப்பூர்ப் பகுதியில் உள்ள, 11ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியைச் சேர்ந்த சாஸனம் ஒன்று இவ்வருணனையை அதன் உச்சத்துக்குக் கொண்டுபோகிறது. சேர சோழ பாண்டிய நாடுகள் தொடங்கி மகதம், கோசலம், கௌடம், பாரசீகம், நேபாளம் வரை இவர்கள் கால் படாத தேசம் இல்லையென்றும், நிலவழியாலும் நீர்வழியாலும் எல்லாக் கண்டங்களையும் ஊடுருவியவர்கள் என்றும், யானையும் குதிரையும் ரத்தினமும் ஏலமும் கிராம்பும் சந்தனமும் கர்ப்பூரமும் கஸ்தூரியும் இவர்களுடைய சரக்கு என்றும் அது பேசுகிறது. இதில் பாதி அதிசயோக்தி என்று சரித்திர ஆசிரியர் தள்ளிவிடலாம். நான் தள்ளமாட்டேன். தன்னைப் பற்றித் தானே ஒரு புராணத்தை எழுதி, அதை எந்த ஊரிலும் எந்தப் பாஷையிலும் ஏறத்தாழ மாற்றமின்றி ஓதுகின்ற ஒரு கூட்டத்துக்கு அந்தப் புராணமே அடையாளச் சீட்டு. பொலன்னறுவையில் அதைக் கேட்ட வியாபாரியும் ஐஹொளெயில் அதைக் கேட்ட வியாபாரியும், ஒருவரையொருவர் முன்பின் பாராமலே, ஒருவனுக்கு மற்றவன் கடன் கொடுக்கலாம் என்ற நம்பிக்கையை அடைந்துவிடுகிறார்கள்.

ஐந்நூற்றுவர் அனைவரும் மாலுமிகள் அல்லர். செட்டிகளும், கவறைகளும், சரக்கைக் கழுதைமேலும் எருதின்மேலும் ஏற்றிச் சென்றோரும், வாளேந்திய எறிவீரரும் முனைவீரரும் இவர்களோடு சேர்ந்தவர்கள். கலம் செலுத்தியவர்கள் இந்தப் பெரிய குடும்பத்தில் ஒரு பகுதியினரே. ஆனால் அந்த ஒரு பகுதியின் வித்தையை அறிந்தால்தான் மற்றப் பகுதிகளின் நடவடிக்கை விளங்கும்.

தரையிலே வழியைக் காதமாக அளக்கலாம். நடுக்கடலில் எல்லைக்கல் நடுவார் எவர்? அங்கே மாலுமிக்கு அகப்பட்ட அளவுகோல் காலம் ஒன்றே. இன்ன துறையிலிருந்து இன்ன துறை இத்தனை யாமம் என்று தூரத்தைக் காலத்தால் சொன்னார்கள். ஒரு யாமமாவது மூன்று மணி நேரப் பாய்மர ஓட்டம். 15ஆம் நூற்றாண்டின் இறுதியிலும் 16ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் கடல் நூல்கள் எழுதிய அராபிய மாலுமிகளான இப்னு மாஜிதும் சுலைமான் அல் மஹ்ரியும் இதே மூன்று மணி அளவை ஜாம் என்று வழங்குகிறார்கள். சோழ மண்டலத்து மாலுமிகளுக்கெனத் தனிக் கணக்கு இருந்ததையும் அந்த அராபிய மரபு அறிந்திருக்கிறது.

இரவிலே துருவ நக்ஷத்திரம் அடிவானத்துக்கு மேல் எத்தனை உயரத்தில் நிற்கிறது என்று பார்ப்பதற்கு இராப்பலகை என்ற ஒரு சிறு கருவி போதுமானதாக இருந்தது. ஒரு சிறு மரத்துண்டு, அதன் நடுவே கோத்த கயிறு, கயிற்றில் இடைவிட்டு முடிச்சுகள். இவ்வளவுதான் அதன் உறுப்புகள். முடிச்சைப் பல்லில் கடித்துக்கொண்டு, பலகையின் கீழ்விளிம்பு அடிவானத்தையும் மேல்விளிம்பு நக்ஷத்திரத்தையும் தொடுமாறு கயிற்றை நீட்டிப் பிடித்தால், எந்த முடிச்சில் இரண்டும் பொருந்துகிறதோ அந்த முடிச்சுக்குரிய துறையின் நேர் வரிசையில் கலம் நிற்கிறது என்று அர்த்தம். கேப்டன் காங்கிரீவ் என்ற ஆங்கிலேயர், சோழமண்டலக் கரையின் மாலுமிகளிடம் இந்தக் கருவி நடைமுறையில் இருந்ததைப் பார்த்து, 1850இல் சென்னை இலக்கிய விஞ்ஞானப் பத்திரிகையிலே விவரித்து எழுதினார். மரத்துண்டை நீரில் எறிந்து, அது கப்பலின் பக்கவாட்டில் கடந்துபோகும் நேரத்தைக் கொண்டு வேகத்தைக் கணிக்கும் முறையையும் அவர் அதே கட்டுரையில் சொல்கிறார். நீராவிக் கப்பல்கள் வந்துவிட்ட பிறகும் இந்த முடிச்சுக் கயிறு கைவிடப்படாமல் இருந்ததென்றால், அது எத்தனை தலைமுறையின் கையிலே தேய்ந்து வந்திருக்க வேண்டும்!

மாலுமியின் காலம் யாமக் கணக்கு. வியாபாரியின் காலமோ பருவக் கணக்கு. தென்மேற்குப் பருவக்காற்றில் கிழக்கே போன கலம் வடகிழக்குக் காற்று எழும்வரை அந்நிய மண்ணிலே காத்திருக்க வேண்டும். காஞ்சியிலே நெசவாளிக்குக் கொடுத்த முன்பணம் கஸ்தூரியாகவோ கர்ப்பூரமாகவோ மாறித் திரும்பி வர ஓராண்டு, சில சமயம் இரண்டாண்டு. அத்தனை காலமும் பணம் கண்ணில் படாது. கலம் மூழ்கிற்றா மிதக்கிறதா என்பதும் தெரியாது. கொடுத்தவன் இறந்துபோகலாம், வாங்கியவன் ஊர் மாறலாம், இருவருக்கும் அரசனாயிருந்தவன் போரிலே தோற்கலாம். இந்த இடைக்காலத்தைத் தாங்கத் தனி மனிதனால் முடியாது. சாகாத ஒரு பெயர் வேண்டியிருந்தது. ஐந்நூற்றுவர் என்பது அத்தகைய பெயர். பட்டையும் மிளகையும் பிறரும் ஏற்றினார்கள். இவர்கள் அவற்றோடு காலத்தையும் ஏற்றிச் சென்று, கடனையும் வாக்கையும் ஒரு பருவத்திலிருந்து அடுத்த பருவத்துக்குச் சேதமின்றி இறக்கினார்கள் என்பதே என் துணிபு.

இதற்குச் சுமத்ராவின் மேற்குக் கரையிலுள்ள பாருஸ் பட்டினத்தில் ஒரு கல் சாட்சி சொல்கிறது. லோபு துவா என்ற இடத்தில் 19ஆம் நூற்றாண்டில் கண்டெடுக்கப்பட்டு, இப்போது ஜகார்த்தாவின் தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கும் அந்தத் தமிழ்ச் சாஸனத்தின் காலம் சகம் 1010, அதாவது கி.பி. 1088. அறிஞர் ஹூல்ட்ஷும், பின்னர் நீலகண்ட சாஸ்திரியாரும், நம் காலத்தில் எ. சுப்பராயலு அவர்களும் அதை ஆராய்ந்திருக்கிறார்கள். வாரோசு என்று சாஸனம் வழங்கும் அந்தப் பட்டினத்தின் வேளாபுரத்திலே திசையாயிரத்து ஐந்நூற்றுவர் கூடியிருந்து ஒரு தீர்மானம் செய்கிறார்கள். அதன்படி, மரக்கல நாயனும் அவனைச் சேர்ந்தோரும் கஸ்தூரியின் விலையைக் கணக்கிட்டு அதற்கேற்பப் பொன்னாகக் கட்டணம் செலுத்திவிட்டு, அதன் பிறகே விரித்த துணியின்மேல் கால் வைத்து உள்ளே வர வேண்டும்.

இந்தச் சிறு விதியில் எத்தனை நுட்பம் அடங்கியிருக்கிறது என்பதை வாசகர்கள் கவனிக்க வேண்டும். கட்டணம் நிலையான தொகை அன்று. சந்தையிலே கஸ்தூரி ஏறினால் அதுவும் ஏறும், இறங்கினால் இறங்கும். ஆண்டுக்கு ஒருமுறை வந்துபோகும் கலத்துக்குச் சென்ற ஆண்டு விலை எதற்கு உதவும்? காலத்தின் சலனத்தை விதிக்குள்ளேயே அடக்கிவைத்துவிட்டார்கள். அந்தச் சபையில் சோழ அதிகாரி எவரும் முன்னின்றதாகத் தெரியவில்லை. வியாபாரிகள் தாங்களே கூடி, தாங்களே விதித்து, தாங்களே கல்லில் வெட்டினார்கள். அதே 1088ஆம் ஆண்டில், சம்பிரதாயக் கணக்குப்படி, ஸ்ரீபெரும்புதூரில் 1017இல் அவதரித்த ராமானுஜருக்கு வயது 71. ஒரே தொண்டை மண்டலத்து மண் ஒரே நூற்றாண்டில் எத்தனை திசைகளில் மனிதரை அனுப்பியது என்பது வியப்புக்குரியதே.

தாய்லாந்தின் தகுவாபாவில், பல்லவன் மூன்றாம் நந்திவர்மனின் அவனிநாரணன் என்னும் விருதால் பெயர்பெற்ற குளத்தை மணிக்கிராமம் என்ற வணிகக் குழுவினரும் சேனாமுகத்தாரும் காத்து நின்றதையும், பர்மாவின் பகானில் நானாதேசி விண்ணகரம் என்ற வைஷ்ணவக் கோயில் இருந்ததையும் இங்கே பெயரளவில் குறித்துவிட்டு, நம் மண்டலத்துக்கே திரும்புகிறேன். ஏனெனில் கதையின் முக்கியமான பகுதி இங்கேதான் இருக்கிறது.

பொன்னேரி வட்டத்துக் காட்டூரில் ஒரு சோழர் காலத்துச் சாஸனம் உண்டு. நான்கு திசையிலும் ஆயிரம் நாட்டிலும் வாழ்கின்ற வணிகப் பெருமக்கள் மயிலாப்பூரிலே கூடி, ஐயப்புழல் என்றும் பெயருள்ள காட்டூரை வீரபட்டினமாக ஆக்கினார்கள் என்று அது தெரிவிக்கிறது. அவ்வாறு ஆனதும், அவ்வூரார் சங்கத்துக்குச் செலுத்த வேண்டிய பொதுக் கட்டணங்களிலிருந்து விலக்குப் பெற்றார்கள்; அதுவரை பெற்றுவந்ததைப்போல் இரு மடங்கு பெறவும் உரிமை அடைந்தார்கள். அதோடு நின்றார்களா? வாளை உருவி மிரட்டியோ ஆளைப் பிடித்துவைத்தோ வரியும் சுங்கமும் கேட்பவர்களும், காரணமின்றிப் பிறர் சோற்றைப் பறித்துத் துன்புறுத்துபவர்களும், தங்கள் வணிக இனத்தாரே ஆனாலும், இனி அந்த ஊரில் குடியிருக்கலாகாது என்றும் நிச்சயித்தார்கள்.

இந்தச் சாஸனத்தை நான் படிக்கும்போதெல்லாம், இந்தத் தடையுத்தரவு யாரைக் குறிவைத்தது என்ற சிந்தனையே மேலோங்குகிறது. அந்நியக் கொள்ளைக்காரனைத் தடுக்கச் சபை கூட்டித் தீர்மானம் எழுத வேண்டியதில்லை, வாள் போதும். தன் இனத்தாரிலேயே வாளைக் காட்டிச் சுங்கம் பிடுங்கியவர்கள் இருந்ததனால்தான் இப்படி ஒரு விதி பிறந்தது. பிரசஸ்தியிலே பரமேசுவரியின் மக்களாக உலவும் இந்த வீரர்களில் சிலர், வழியிலே பசித்தவன் சோற்றுமூட்டையையும் அவிழ்த்திருக்கிறார்கள். ஐந்நூற்றுவரைத் தேவர்களாக்கும் எழுத்தாளர்களும், அவர்களை வெறும் ஆயுதக் கும்பலாகச் சித்தரிக்கும் எழுத்தாளர்களும் காட்டூருக்கு ஒருமுறை போய்வருவது நல்லது.

வீரபட்டினம் என்பது தானாக வளர்ந்த ஊர் அன்று. அறிவித்து உண்டாக்கிய ஊர். இன்ன எல்லைக்குள் இன்ன கட்டணம் இல்லை, இன்ன பாதுகாப்பு உண்டு, இன்ன நடத்தை கூடாது என்று ஒரு சபை கூறியவுடன் சாதாரண ஊர் வேறு வகை ஊராகிவிடுகிறது. சிப்காட் நிறுவனம் இருங்காட்டுக்கோட்டையையும் ஸ்ரீபெரும்புதூரையும் ஒரகடத்தையும் வல்லம் வடகாலையும் தொழிற்பேட்டைகளாக வகுத்ததும், அவற்றில் சில பகுதிகள் சிறப்புப் பொருளாதார மண்டலங்களாக அறிவிக்கப்பட்டுச் சுங்கச் சலுகை பெற்றதும் இதே ஜாதிக் காரியமே. ஆயினும் முக்கியமான வித்தியாசம் ஒன்றை மறைக்கக் கூடாது. இன்று சலுகை வழங்குவது அரசாங்கம், பெறுவது கம்பெனி. அன்று வழங்கியவர்களும் பெற்றவர்களும் ஒரே சங்கத்தார். ஆகவே தவறு செய்தவனை வெளியேற்றும் பொறுப்பையும் அவர்களே சுமந்தார்கள்.

இத்தகைய பட்டினங்கள் பெரும்பாலும் கடற்கரையில் இல்லை என்பதும் கவனிக்கத்தக்கது. சித்தூர்ப் பகுதியின் பாசினிக்கொண்டா மலைநாட்டு வழியில் உள்ளது. இலங்கையின் பதவியாவும் வாகல்கடையும் உள்நாட்டில் உள்ளன. பாண்டி நாட்டுப் பிரான்மலை கடலை விட்டு வெகு தூரம். துறைமுகம் வெறும் வாசல். சரக்கைச் சேர்ப்பதும், தரம் பிரிப்பதும், காற்று மாறும்வரை பத்திரமாக வைத்திருப்பதும் வீட்டுக்குள்ளே நடக்க வேண்டிய வேலைகள். காஞ்சிபுரமே அப்படிப்பட்ட பெரிய வீடு. உத்தம சோழன் காலத்துச் செப்பேடுகள், கச்சிப்பேட்டின் நெசவாளர் சேரிகளிடம் ஊரகத்துக் கோயிலின் பொன் வட்டிக்கு விடப்பட்டிருந்ததையும், நிறுப்பதற்கும் அளப்பதற்கும் உரிய கூலி அக்கோயிலுக்குச் சேர்ந்ததையும் விரிவாகக் கூறுகின்றன. அங்கே நெய்த துணி மயிலாப்பூர்த் துறைக்கோ மாமல்லபுரத்துக்கோ போக வேண்டுமானால் கிழக்கு நோக்கிய இந்தச் சமவெளியைக் கடந்தே தீர வேண்டும். (கடலே ஒரு காலத்தில் இந்தச் சமவெளிக்கு வந்திருந்தது என்பது வேறு கதை. ஸ்ரீபெரும்புதூர்ப் படிவங்கள் என்று பூகர்ப்ப சாஸ்திரிகள் பெயரிட்ட பாறைகளில், பத்துக் கோடி ஆண்டுகளுக்கும் முற்பட்ட செடிகொடிகளின் அச்சுகளோடு கடல்வாழ் பிராணிகளின் எச்சங்களும் கலந்து கிடக்கின்றன. ஐந்நூற்றுவரின் பிரசஸ்திக்கு அது எட்டவில்லை, எட்டியிருந்தால் விட்டிருக்கமாட்டார்கள்.)

1998இல் ஹூண்டாய் கம்பெனியின் முதல் சான்ட்ரோ கார் இருங்காட்டுக்கோட்டையிலிருந்து வெளிவந்தது. 2010இல் ஒரகடத்தில் ரெனோ நிஸ்ஸான் ஆலை தொடங்கி, அதே ஆண்டிலேயே எண்ணூர்த் துறைமுகத்தின் வழியாக அயல்நாட்டுக்குக் கார்களை அனுப்பத் தலைப்பட்டது. இந்த ஆலைகளின் முறை ஐந்நூற்றுவரின் முறைக்கு நேர்மாறானது. பழைய வணிகன் காலத்தைச் சேமித்துவைத்தான். புதிய ஆலை காலத்தை அறவே ஒழிக்கப் பார்க்கிறது. உதிரிப்பாகம் தேவைப்படும் மணியிலே வந்து இறங்க வேண்டும்; முன்னே வந்தால் கிடங்குச் செலவு, பின்னே வந்தால் லைன் நின்றுபோகும். ஆனால் காத்திருத்தல் உண்மையில் ஒழிந்துவிடவில்லை. அது ஆலையின் மதிலுக்கு வெளியே போய், சாலையோரத்தில் வண்டியை நிறுத்திக் கேபினுக்குள் ஸ்டவ் மூட்டிச் சமைக்கும் லாரி ஓட்டுநரின் தலையிலும், கான்ட்ராக்ட் முடிந்தபின் அடுத்த அழைப்பை எதிர்பார்த்து வாடகை அறையில் இருக்கும் இளைஞரின் தலையிலும் ஏறியிருக்கிறது. காற்று மாறும்வரை காத்திருந்த செலவைச் சங்கம் முழுவதும் பகிர்ந்துகொண்ட முறையோடு இதை ஒப்பிட்டால், எது நாகரிகம் மிகுந்தது என்று நான் சட்டென்று சொல்லத் துணியமாட்டேன்.

அறிவித்து உண்டாக்கிய ஊர்கள் எத்தனை நாள் நிலைக்கும்? ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா ஆலை 2006இல் உற்பத்தியைத் தொடங்கி, உலகத்தின் மிகப் பெரிய கைபேசி ஆலைகளுள் ஒன்றென்று பெயர் பெற்று, 2014 நவம்பரில் நின்றுபோயிற்று. சில ஆண்டுகளுக்குப் பின்னர் அதே வளாகம் சார்ஜர் செய்யும் சால்காம்ப் கம்பெனியின் கைக்கு வந்தது. ஐயப்புழல் வீரபட்டினமாக எத்தனை காலம் விளங்கியதோ, இன்று அந்தப் பெயர் கல்லில்தான் இருக்கிறது. தன் தானங்கள் சந்திரனும் சூரியனும் உள்ளவரை நிற்க வேண்டும் என்று வெட்டுவித்த அதே சங்கம், தன் பட்டினங்கள் ஒவ்வொன்றும் நிலைக்கும் என்று நம்பியதாகத் தோன்றவில்லை. ஒன்று தளர்ந்தால் இன்னொன்றை அறிவித்துக்கொண்டு நகர்ந்தார்கள். பெயர் ஒன்றையே விடாமல் கையில் வைத்திருந்தார்கள்.

அந்தப் பெயரும் 14ஆம் நூற்றாண்டுக்குப் பிறகு சாஸனங்களில் அருகி, பிறகு மறைகிறது. அரசியல் குழப்பம் ஒரு காரணம். கடல் வாணிகத்தில் வேறு கூட்டத்தார் தலையெடுத்தது இன்னொரு காரணம். ஆனால் இவ்விரண்டையும்விட, வணிகர்கள் நில உடைமையாளரோடு செய்துகொண்ட உறவு அதிகமாக வேலை செய்திருக்கிறது என்பது என் அபிப்பிராயம். உழவர் பெருங்கூட்டமாகிய சித்திரமேழிப் பெரியநாட்டாரோடு ஐந்நூற்றுவர் சேர்ந்து செய்த காரியங்களையும், உப்பும் நெல்லும் மிளகும் பாக்கும் இரும்பும் நூலும் புடவையும் குதிரையும் கஸ்தூரியும் வரிசையாக வரிக்கு உட்பட்ட 13ஆம் நூற்றாண்டுப் பிரான்மலைப் பட்டியலையும் அடுத்த இதழில் ஆராய்வோம்.